நீர்க்கடுப்பும் நான் முகம் பார்க்காத மகளும்

எனக்கு அப்போது ஆறாம் மாதம். விடிவதற்கு முன் மற்றப் பெண்களோடு ஓடைக்கரைக்குப் போய் உட்கார்ந்தேன். சிறுநீர் சொட்டுச் சொட்டாகத்தான் வந்தது. வந்த ஒவ்வொரு சொட்டும் எரிந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு எழுந்தேன். வீட்டுக்கு வந்து அடுப்பைப் பற்றவைப்பதற்குள் மறுபடியும் முட்டிக்கொண்டு வந்தது. அதற்குள் கிழக்கு வெளுத்துவிட்டது. இனி இருட்டிய பிறகுதான் போக முடியும்.

இதைப் படிக்கிற கர்ப்பிணிகளில் சிலருக்கு இந்த எரிச்சல் இப்போதே இருக்கலாம். உங்களுக்காகத்தான் எழுதுகிறேன். இதெல்லாம் எழுதக்கூடிய விஷயமா என்று என் வீட்டிலேயே கேட்டார்கள். எங்கள் தெருவில் எனக்கு வாய் நீளம் என்று பெயர். அடுத்த வீட்டுக் குழம்பில் உப்புக் கூடினால்கூடச் சொல்லிவிடுகிற வாய், இதைப் பற்றி மட்டும் மூச்சுவிடாமல் இருந்தது. அதனால் இப்போது சொல்லிவிடுகிறேன்.

நான் வாழ்க்கைப்பட்டது ஜலகண்டாபுரத்தில், தறிக்காரர் வீட்டில். இரண்டாவது உலக யுத்தம் வருவதற்குச் சில வருடங்களுக்கு முன்பு அது. தெருவில் வீடுகள் சுவரோடு சுவர் ஒட்டி நிற்கும். முன்பக்கம் தறி. பின்பக்கத்தைப் பொடக்காலி என்போம். அங்கே என் வீட்டுக்காரரும் அவருடைய அண்ணனும் நூலுக்குச் சாயம் ஏற்றுவார்கள். நூல் பிழிய ஆள் வரும், காயப்போட ஆள் வரும். பகல் முழுவதும் அங்கே ஆண்கள்தான். ஒரு பெண் ஒதுங்குவதற்கு அந்த வீட்டில் ஒரு முழ இடம் கிடையாது.

இதில் பாவு ஆற்றுகிற நாட்கள்தான் கஷ்டம். நெய்ய வேண்டிய நூலைத் தெரு நீளத்துக்கு இழுத்துக் கட்டி, கஞ்சி தடவி, சிக்கெடுத்துக் காயவைக்கிற வேலை அது. வெயில் ஏறினால் இழை அறுந்துவிடும் என்று இருட்டோடு தொடங்கிவிடுவார்கள். தெருவின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை ஆண்கள் நிற்பார்கள். அவர்கள் எழுவதற்கு முன்பே பெண்கள் போய்வந்துவிட வேண்டும். தவறவிட்டால் மாலைவரை அடக்க வேண்டியதுதான்.

இதற்குப் பெண்கள் ஒரு வழி வைத்திருந்தோம். நாளைக்குப் பாவு என்று காதில் விழுந்தால் முந்தின நாள் மாலையிலிருந்தே தண்ணீர் குடிக்க மாட்டோம். யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை. தெருவுக்கு வருகிற மருமகள் தானாகவே கற்றுக்கொண்டுவிடுவாள். கர்ப்பிணிக்கென்று தனிச் சட்டம் எதுவும் இல்லை.

எரிச்சலை என் மாமியாரிடம் மட்டும் சொன்னேன். நல்ல மனுஷி. என்னைப் பெற்றவள்கூட அப்படிப் பார்த்திருக்க மாட்டாள். தொப்புளிலும் கால் கட்டைவிரலிலும் விளக்கெண்ணெய் வைத்தார். வெந்தயத்தை ஊறவைத்து மோரில் கலந்து கொடுத்தார்.

"சூடு சாமி. தலைச்சனுக்குச் சூடு ஏறத்தான் செய்யும்."

"தண்ணி தாகமா இருக்குதுங்கத்தை."

"தொண்டையை நனைச்சுக்க. மொடாக் கணக்குல குடிக்காதே அம்மிணி. காலு வீங்கிக்கும், புள்ளைக்கு நீர் கோத்துக்கும்."

சில நாட்களில் எரிச்சல் குறைந்தது. பிறகு இல்லாமலே போனது. சூடு தணிந்துவிட்டது என்று இரண்டு பேரும் சந்தோஷப்பட்டோம். அது போகவில்லை, கீழேயிருந்து மேலே ஏறிக்கொண்டிருந்தது என்று பின்னால் டாக்டர் சொல்லித்தான் தெரியும்.

ஏழாம் மாதம் முடிகிற சமயம். ராட்டையில் தார் சுற்றிக்கொண்டிருந்தேன் (தறியில் குறுக்கே ஓடுகிற நாடாவுக்குள் வைக்கிற சிறு குழலில் நூல் சுற்றுவது). திடீரென்று குளிர் எடுத்தது. சித்திரை வெயிலில் பல் கிட்டிக்கொள்கிற குளிர். கை நடுங்கி நூல் அறுந்தது. முடிச்சுப் போட்டேன், மறுபடியும் அறுந்தது. இரண்டு கம்பளி போர்த்தியும் அடங்கவில்லை. பிறகு காய்ச்சல் கொதித்தது. வலது பக்கம் விலாவுக்குக் கீழே, முதுகுப்புறமாக, தொடமுடியாத வலி.

மேட்டூர்ப் பக்கத்து வேலைக்குப் போய்வந்த பலருக்கு அப்போது குளிர் காய்ச்சல் இருந்தது. அதுதான் இது என்று எல்லோரும் முடிவுகட்டினார்கள். ஊர்க் கம்பவுண்டர் வந்தார். வாசலுக்கு அந்தப் பக்கம் நின்றபடியே கேட்டார், உள்ளேயிருந்து மாமியார் பதில் சொன்னார்.

"குளிர் வந்து காய்ச்சலாச்சுங்களா?"

"ஆமாங்க. ஒரே நடுக்கமுங்க."

"வேறெதாச்சும் தொந்தரவு உண்டுங்களா?"

"இல்லைங்க."

நான் கம்பளிக்குள் இருந்து கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். அந்த மனிதர் ஒன்றும் தவறாகக் கேட்கவில்லை. ஆனால் ஆண்பிள்ளையிடம் மருமகளின் நீர்க்கடுப்பைப் பற்றி எந்த மாமியார் சொல்வார்? அது சொல்ல வேண்டிய விஷயம் என்றே அவருக்குத் தெரியாது. அது சூடு, அது போய்விட்டது, இது காய்ச்சல். கம்பவுண்டர் மலேரியாவுக்கான கொய்னா மருந்தைக் கொடுத்துவிட்டுப் போனார். குளிர் விட்டுவிட்டு வந்தது. காய்ச்சல் விடவில்லை. வயிற்றில் குழந்தை புரள்வது குறைந்துகொண்டே வந்தது. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

என் வீட்டுக்காரர் தறியை விட்டு எழுந்து வந்து என் நெற்றியில் கை வைத்தார். அவர் அதிகம் பேசுகிறவர் இல்லை. நானே இரண்டு பேருக்கும் சேர்த்துப் பேசிக்கொள்வேன். அன்றைக்கு, "கிளம்பு புள்ளே, சேலம் போயிரலாம்," என்றார். அவருடைய அண்ணன் வண்டி கட்டினார். பஸ் நிற்கிற இடம்வரை வண்டி, பிறகு பஸ். ஒவ்வொரு பள்ளத்துக்கும் வலது விலாவில் இடி விழுந்தது.

ஆஸ்பத்திரியில் பெண் டாக்டர் ஒருவர் இருந்தார். தெற்குச் சீமைக்காரர், வெள்ளைச் சேலை, கடுகடுத்த முகம். விலாவில் லேசாகத் தட்டினார். நான் அலறிவிட்டேன். உடனே அவர் கேட்டது இதைத்தான்.

"ஒண்ணுக்குப் போகும்போது எரிஞ்சுதா?"

"எரிஞ்சதுங்க. ஆறாம் மாசத்துல."

"ஏன் எந்த டாக்டர்கிட்டயும் சொல்லலை?"

"யாரும் கேக்கலைங்க."

அவர் என் மாமியாரைப் பார்த்தார். மாமியார் தரையைப் பார்த்தார். டாக்டர் அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை. அந்த நல்ல குணத்துக்காக அவருடைய கடுகடுப்பை மன்னித்துவிட்டேன்.

என் சிறுநீரைக் கண்ணாடிக் குழாயில் எடுத்துச் சுடரில் காட்டிச் சூடாக்கினார்கள். அது கஞ்சித் தண்ணீர் மாதிரி கலங்கிப் போனது. நுண்ணோக்கியில் (கண்ணுக்குத் தெரியாததைப் பெரிதாக்கிக் காட்டும் கருவி) வைத்துப் பார்த்து, சீழ் இருக்கிறது என்றார்கள். இதற்குப் பைலைட்டிஸ் என்று பெயர் (சிறுநீரகத்தில் கிருமி ஏறிச் சீழ் பிடிப்பது). கர்ப்பத்தில் இது சுலபமாக வந்துவிடும் என்று டாக்டர் விளக்கினார். சிறுநீரகத்திலிருந்து சிறுநீர்ப்பைக்கு இறங்குகிற குழாய் கர்ப்பகாலத்தில் தளர்ந்துபோகும். வளர்கிற கர்ப்பப்பை அதை அழுத்தும், வலது பக்கம் அதிகமாக அழுத்தும். நீர் இறங்காமல் தேங்கும். தேங்கினால் கிருமி பெருகும். தண்ணீர் குடிக்காமல் அடக்கியும் வைத்தால் அதற்குக் கொண்டாட்டம்தான்.

நீரின் புளிப்பைக் குறைக்கிற ஓர் உப்பு மருந்து கொடுத்தார்கள். பார்லிக் கஞ்சியைக் கொடுத்துக்கொண்டே இருந்தார்கள். இடது பக்கமாக ஒருக்களித்துப் படுக்கச் சொன்னார்கள். என் வீட்டுக்காரர் வாசலில் நின்று, "வேற மருந்து ஏதும் இல்லைங்களா?" என்று கேட்டார்.

"சீமையில புதுசா ஒரு மாத்திரை வந்திருக்குன்னு கேள்வி. இங்க இன்னும் வரலை," என்றார் டாக்டர்.

பிறகு நடந்ததில் பாதி எனக்குத் தெரியாது. காய்ச்சல் மண்டைக்கு ஏறிவிட்டது. பாவு அறுந்துவிட்டது, பிடியுங்கள் என்று கத்தினேனாம். நடுவில் வயிற்று வலி வந்தது ஞாபகம் இருக்கிறது. நேரமாகிவிட்டதா, ஆகவில்லையா என்று யாரையோ கேட்டதும் ஞாபகம் இருக்கிறது. கண் விழித்தபோது ஜன்னலில் வெயில் இருந்தது. கையை வயிற்றில் வைத்தேன். தட்டையாக இருந்தது.

பெண் குழந்தை. உயிரோடுதான் பிறந்தது. மாதம் போதாததால் மூச்சு நிற்கவில்லை. ஒரு பகல் இருந்துவிட்டுப் போய்விட்டது. நான் விழிப்பதற்குள் என் வீட்டுக்காரரும் அவருடைய அண்ணனும் அடக்கம் செய்துவிட்டு வந்துவிட்டார்கள்.

"மூஞ்சியைப் பாக்காததே நல்லது சாமி," என்றார் மாமியார். "பாத்திருந்தா மறக்கவே முடியாது."

பார்க்காததையும் மறக்க முடியாது என்று அவருக்குச் சொல்ல நினைத்தேன். வாய் நீளமானவளுக்கு அன்றைக்கு வாய் எழவில்லை. என் வீட்டுக்காரர் கட்டிலருகில் நின்றார். அவர் மடியில்தான் அந்தக் குழந்தை பகல் முழுவதும் இருந்தது என்று நர்ஸ் சொன்னாள். நான் அவரைக் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை.

மூன்றாம் நாள் பால் சுரந்தது. இதை யாரும் எனக்குச் சொல்லியிருக்கவில்லை. குழந்தை போன செய்தி மாருக்குப் போய்ச் சேரவில்லை. ரவிக்கை நனைந்து, கல்லாகக் கட்டி வலித்தது. மாமியார் மல்லிகைப்பூவைச் சேலைத் துணியில் பரப்பி மார்பில் இறுக்கிக் கட்டினார். பால் வற்ற அப்படிக் கட்டுவது வழக்கம். அவர் கட்டும்போதே அழுதார். நானும் அழுதேன். அதற்குப் பிறகு மல்லிகை வைப்பதை விட்டுவிட்டேன். இன்றைக்கும் கல்யாண வீடுகளில் பூத் தட்டை நீட்டினால் எடுத்துப் பக்கத்தில் இருப்பவளுக்குக் கொடுத்துவிடுவேன்.

வீட்டுக்குப் போகுமுன் டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு உட்காரவைத்தார். அவர் சொன்னதை உங்களுக்கும் சொல்கிறேன். தண்ணீர் தாராளமாகக் குடிக்க வேண்டும். முட்டினால் உடனே போக வேண்டும், பொழுது பார்க்கக் கூடாது. கழுவும்போது முன்னாலிருந்து பின்னாகக் கழுவ வேண்டும், பின்னாலிருப்பதை முன்னால் கொண்டுவரக் கூடாது. கணவனோடு சேர்ந்த பிறகு சிறுநீர் கழித்துவிட வேண்டும். எனக்கு முகம் சிவந்துவிட்டது. "வெட்கப்பட்டுக்கிட்டே கேளு, ஆனா கேளு," என்றார்.

"அடுத்து உண்டானா எரியற வரைக்கும் காத்திருக்காதே நல்லம்மா. சிலருக்கு எரிச்சலே இல்லாமயும் கிருமி இருக்கும். உண்டானது தெரிஞ்ச உடனே வா."

எல்லாம் சரிதான். ஆனால் பகலில் எங்கே போவது? அதை அவரிடம் கேட்கவில்லை. அவருக்கு எங்கள் தெரு தெரியாது.

வீட்டுக்கு வந்து சில வாரம் படுத்தே கிடந்தேன். ஒரு நாள் காலையில் பொடக்காலியில் சத்தம் கேட்டு எழுந்து போனேன். என் வீட்டுக்காரர் சாயத் தொட்டிக்குப் பக்கத்து மூலையில் கம்பு நட்டுச் சோளத்தட்டில் தடுப்புக் கட்டிக்கொண்டிருந்தார். தரையில் கல் பாவி, தண்ணீர் ஓட ஒரு வழியும் வெட்டியிருந்தார். அவருடைய அண்ணன் இடுப்பில் கை வைத்து நின்றார்.

"என்றா இது? நூலு காயற எடத்துல பொம்பளைங்க ஒதுங்கறதா? நூலு தீட்டாயிராதா?"

"ஆனா ஆகட்டுங்கண்ணா."

"சாமிக்குச் சாத்தற துணி நெய்யறோம்டா."

"நூலு போனா வேற நூலு வாங்கிக்கலாமுங்கண்ணா," என்றார் இவர். தலை நிமிரவில்லை. கயிற்றை இழுத்து முடிந்துகொண்டே இருந்தார்.

அண்ணன் இடுப்பிலிருந்து கையை எடுத்தார். குழந்தைக்குக் குழி வெட்டியவர் அவரும்தானே. மறுநாள் நான் எழுந்து பார்த்தபோது நூல் காயும் கொடியை அவிழ்த்து எதிர்ப்பக்கச் சுவரோரம் அவரே கட்டியிருந்தார். தெருவில் கொஞ்ச நாள் எங்களைப் பார்த்துச் சிரித்தார்கள். பிறகு இன்னும் இரண்டு வீட்டில் தடுப்பு முளைத்தது.

அந்தத் தடுப்புக்குள் முதலில் போய்வந்தவர் என் மாமியார். வெளியே வந்து கையைத் துடைத்துக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"எனக்கும் இந்தக் கடுப்பு வருசக்கணக்கா உண்டு அம்மிணி. பொம்பளைன்னா அப்படித்தான்னு இருந்துட்டேன். உம் புருசனுக்கு முந்தி எனக்கும் ரெண்டு, மாசம் ஆகாமயே போச்சு."

அவர் இதை அதற்குமுன் யாரிடமும் சொன்னதில்லை. அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். அந்தத் தெருவில் இப்படி எத்தனை போயிருக்கும் என்று நினைத்தால் எனக்கு இன்றைக்கும் ஆத்திரம்தான் வருகிறது.

நான் மறுபடியும் உண்டானபோது யுத்தம் நடந்துகொண்டிருந்தது. பெட்ரோல் கிடைக்காமல் பஸ்கள் பின்னால் கரி அடுப்பை மாட்டிக்கொண்டு ஓடின. ஏற்றத்தில் எல்லோரும் இறங்கித் தள்ளுவார்கள், நான் மட்டும் உட்கார்ந்திருப்பேன். சேலத்துக்குப் போய்க் கண்ணாடிக் குழாயில் சிறுநீர் கொடுத்துவிட்டு வருவேன். தண்ணீர் குடித்தேன். பாவு நாளிலும் குடித்தேன். தாகமில்லாவிட்டாலும் மாமியார் செம்போடு வந்து நின்றார். "குடி சாமி, குடி," என்று அவர் துரத்துவதைப் பார்த்தால் ஒரு பக்கம் சிரிப்பாக இருக்கும்.

எல்லாம் செய்தும் ஐந்தாம் மாதத்தில் சிறுநீர் கலங்கியது. எனக்கு எரிச்சல் துளியும் இல்லை. குழாயைச் சுடரில் காட்டியபோது அது வெளுப்பதை நான் கண்ணால் பார்த்தேன். முன்பிருந்த அதே டாக்டர்தான்.

"பயப்படாதே. இப்ப மாத்திரை இருக்கு," என்றார்.

சல்பா மாத்திரை (கிருமியைப் பெருகவிடாமல் தடுக்கிற மருந்து). யுத்தத்தால் அதற்கும் தட்டுப்பாடு. எனக்கென்று எடுத்துவைத்திருந்ததைக் கொடுத்தார். அதோடு சோடா உப்பு. இந்த மாத்திரையைத் தின்று தண்ணீர் குடிக்காமல் இருந்தால் மருந்தே சிறுநீரகத்தில் படிந்து அடைத்துவிடும் என்று மிரட்டினார். வயிறு குமட்டியது, தலை சுற்றியது. பாதியில் உடம்பு தெளிந்துவிட்ட மாதிரி இருந்தது. நான் நிறுத்தவில்லை. முன்பு ஒரு முறை தெளிந்துவிட்டதாக நினைத்துத்தானே ஏமாந்தோம். நீங்களும் நிறுத்தாதீர்கள். இப்போது வேறு மருந்துகள் வந்துவிட்டன, நான் தின்றதைத் தேட வேண்டியதில்லை. உங்கள் டாக்டர் கொடுப்பதைக் கடைசிவரை சாப்பிடுங்கள். முடித்த பிறகு மறுபடியும் சோதிக்கச் சொல்லுங்கள். மோரும் இளநீரும் குடியுங்கள், அவை நல்லவைதான். அவற்றை மட்டும் நம்பி வீட்டில் இருந்துவிடாதீர்கள்.

அடுத்த தடவை டாக்டர் குழாயை வெளிச்சத்தில் தூக்கிக் காட்டினார். கிணற்றுத் தண்ணீர் மாதிரி தெளிவாக இருந்தது. நல்ல செய்திதான். நான் அங்கேயே உட்கார்ந்து ஓவென்று அழுதுவிட்டேன். கொஞ்சம் மாத்திரை, குடிக்கத் தண்ணீர், உட்கார ஒரு மறைவு. இவ்வளவுதானா என் மகளுக்கு வேண்டியிருந்தது? டாக்டர் எழுந்து கதவைச் சாத்திவிட்டு வந்து பக்கத்தில் நின்றார்.

முன்பெல்லாம் என் உடம்புக்கு இரண்டே பொழுதுதான், விடிவதற்கு முன்பும் இருட்டிய பின்பும். நடுவில் இருக்கிற பகலில் எனக்கு உடம்பே இல்லாத மாதிரி இருக்கப் பழகியிருந்தேன். இப்போது அது கூப்பிட்ட நேரத்துக்கு நான் எழுகிறேன். விருந்தாள் பேசிக்கொண்டிருந்தாலும் எழுந்துவிடுவேன். மரியாதை இல்லை என்று சொல்கிறவர்கள் சொல்லட்டும். விலாவில் ஒரு சின்ன வலி வந்தாலும் இன்னும் கை வலது பக்கம்தான் போகிறது.

ஏழாம் மாதம் வந்தது, போனது. எட்டாம் மாதம் முழுவதும் நான் சரியாகச் சாப்பிடவில்லை, யாரிடமும் சரியாகப் பேசவும் இல்லை. நிறைமாதத்தில் அதே ஆஸ்பத்திரியில் பையன் பிறந்தான். வீறிட்டு அழுதான். மாமியார் சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு நின்றார்.

என் வீட்டுக்காரரை உள்ளே விட்டார்கள். துணியை விலக்கிக் குழந்தையைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே நின்றார்.

"ஏனுங்க, எதுக்கு அப்படிப் பாக்கறீங்க?"

"அவுங்கக்காளாட்டவே இருக்கறானே புள்ளே," என்றார். "அதே மூக்கு. நெத்தியைச் சுருக்கறதும் அவளாட்டந்தான். காது மட்டும் அவளுக்கு இன்னும் சின்னது."

அவர் அவளைப் பற்றிப் பேசியது அதுதான் முதல் தடவை. நான் குழந்தையைக் கேட்டு வாங்கினேன். மூக்கைப் பார்த்தேன். நெற்றி சுருங்குவதைப் பார்த்தேன். காதை விரலால் மறைத்துக்கொண்டு மறுபடியும் பார்த்தேன். என் மகளின் முகத்தை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

பிறந்த குழந்தையின் முகம் அப்படியே இருக்காது. கன்னம் சதை பிடித்தது, மூக்கு எழும்பியது, நெற்றி வழுவழுப்பானது. பையன் நன்றாகத் தேறுகிறான் என்று எல்லோரும் சொன்னார்கள். எனக்கும் சந்தோஷம்தான். ஆனாலும் தினமும் விடிந்ததும் முதலில் தூளிக்குள் எட்டிப் பார்ப்பேன், அவள் இன்னும் இருக்கிறாளா என்று. ஒரு நாள் காலையில் பார்த்தபோது அது அவனுடைய முகமாக மட்டும் இருந்தது. பசியில் சிணுங்கினான். எடுத்து மடியில் போட்டுப் பால் கொடுத்தேன்.